விதிக்கு விஞ்ஞானம் சாட்சியா?

விதிவாத அன்பர்களுக்கு இப்போது புதியதொரு துணை கிடைத்திருக்கிறது. முன்னெல்லாம் தலையெழுத்துக்குச் சாட்சி கேட்டால் புராணத்தைக் காட்டுவர். இன்றோ விஞ்ஞானத்தையே கூண்டிலேற்றத் துணிந்துவிட்டனர். "சென்ற காலத்துக்கே திரும்பிப் போனாலும் நடந்ததை மாற்ற இயலாது என்று மேனாட்டுப் பௌதிக அறிஞர் சொல்லிவிட்டனர், ஆகவே எல்லாம் எழுதியபடிதான்" என்பது அவர்கள் வாதம். ஆங்கிலம் கற்ற இளைஞர் சிலரும் இதற்குத் தலையசைக்கக் கண்ட பின்னரே நாம் பேனாவை எடுக்கலானோம்.

வழக்கு யாதென முதலில் பார்ப்போம். ஒருவன் கால யந்திரம் ஏறிப் பின்னோக்கிச் சென்று, தன் பாட்டனை மணமாகுமுன்பே கொன்றுவிட்டான் என்று கொள்வோம். பாட்டனில்லையேல் தந்தையில்லை, தந்தையில்லையேல் அவனில்லை, அவனில்லையேல் கொன்றவன் யார்? 1895-இல் 'கால யந்திரம்' எழுதிய வெல்ஸ், தம் பிரயாணியை எதிர்காலத்துக்கு அனுப்பி இச்சிக்கலினின்று தப்பினார். பின்வந்த கதாசிரியர்கள் வலிய அதில் அகப்பட்டு, மீளுவதற்கு அவரவர் ஒரு சட்டம் இயற்றிக்கொண்டனர்.

அவற்றுள் ஒன்று, அமெரிக்கரான பிரிட்ஸ் லைபர் 1958-இல் வெளியிட்ட சிறுகதையொன்றில் வரும் 'மெய்ம்மை அழியாமைச் சட்டம்'. சுடப்பட்டு இறந்தவன் ஒருவன் தன் சாவைத் தடுக்கத் திரும்பிச் செல்கிறான். என்ன முயன்றும் பயனில்லை. முடிவில், துப்பாக்கிக் குண்டளவே உள்ள ஒரு விண்கல் வந்து அவன் நெற்றியைத் துளைக்கிறது! கதை சுவையானதே, நாமும் சுவைத்தோம். ஆனால் அக்கல்லை வீசியது வானமா, லைபரின் பேனாவா? நம் விதிவாதிகள் இந்தக் கதைக் கல்லைப் பொறுக்கிக்கொண்டு வந்துதான் விஞ்ஞானம் என்று நம் முன் வைக்கிறார்கள்.

நிற்க. உண்மையான ஆராய்ச்சியாளர் கூறுவதென்ன? சுழலும் பிரபஞ்சமொன்றில் பிரயாணி தன் இறந்தகாலத்துக்கே திரும்பும் வளையப் பாதைகள் அமையக்கூடும் என்று, ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளிலிருந்து கோடெல் 1949-இல் காட்டினார். நாம் வாழும் பிரபஞ்சம் அத்தகையதென்பதற்குச் சான்றில்லை. பின்னர் ரஷ்ய அறிஞர் நோவிக்கோவ் ஒரு கொள்கை வகுத்தார்: அவ்வாறான பாதை ஒன்று இருக்குமாயின், அதில் நிகழ்வன ஒன்றற்கொன்று முரணாதிருத்தல் வேண்டும். பாட்டனைச் சுடப் போனவனின் கை நடுங்கிக் குறி தவறியிருந்தால், அந்நடுக்கமும் பழைய சரித்திரத்தின் பகுதியே. முதன்முறை ஒருவிதம், இரண்டாம் முறை வேறுவிதம் என்பது கிடையாது. இவ்வளவே அவர் கூற்று.

இதற்கும் விதிக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். "நீ என்ன செய்தாலும் அது நடந்தே தீரும்" என்பது விதி. "நீ செய்ததனால்தான் அது நடந்தது" என்பது நோவிக்கோவின் கொள்கை. காய்ச்சலில் கிடக்கும் குழந்தையை ஆஸ்பத்திரிக்கு எடுத்துச் செல்லாமல் "எழுதியபடி ஆகட்டும்" என்றிருக்கும் தகப்பனுக்கு இக்கொள்கையில் இம்மியும் இடமில்லை. பிழைத்த குழந்தை மருந்தினாற் பிழைத்தது; மருந்து கொடுத்ததும் அச்சரித்திரத்தில் ஒரு வரி. அந்த வரியை அடித்துவிட்டு முடிவை மட்டும் வைத்துக்கொள்ள எந்தச் சமன்பாடும் இசையாது.

தோட்டத்துக் கிராணிகளாகிய நமக்கு இது எளிதில் விளங்கும். செக்ரோலில் நேற்றைய எண்ணைச் சுரண்டி அழிக்கலாகாது. சிவப்பு மையாற் கோடிட்டுக் கையொப்பமிட்டால், பழைய எண் கோட்டுக்கடியில் அப்படியே தெரியும். நேற்று வேலைக்கு வராதவன் இன்று வந்து எவ்வளவு மன்றாடினாலும் நேற்றுக்குப் பேர் விழாது. அதனால், நாளைய கட்டத்திலும் அவனுக்கு இன்றே முட்டை போட்டாயிற்று என்று எந்தக் கிராணியாவது சொன்னதுண்டா?

வாசகர்கள் அறியவேண்டிய செய்தி இன்னொன்றும் உண்டு. சென்ற காலத்துக்குப் போகும் பாதையையே இயற்கை அடைத்துவிடும் என 1992-இல் ஹாக்கிங் ஓர் ஊகம் வெளியிட்டார். 2009 ஜூன் 28-இல் கேம்பிரிட்ஜில் காலப் பிரயாணிகளுக்கென்று விருந்து வைத்து, அழைப்பை விருந்து முடிந்த பின்னரே வெளியிட்டார், ஒருவரும் வரவில்லை. அது வேடிக்கை, நிரூபணமன்று. ஊகமும் இன்னும் ஊகமே. எனினும் அது மெய்யாயின், நம் நண்பர்கள் சாட்சி தேடிச் செல்லும் தெருவே இல்லாமற் போகும்!

தெரு உண்டென்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் அவர்கள் பாடு மோசமே. பில்லியர்ட்ஸ் பந்தொன்று புழுத்துளை என்னும் பாதை வழியே சற்று முந்திய நேரத்தில் வெளிவந்து, உள்ளே நுழையவிருந்த தன்னையே மோதி விலக்கிவிட்டால் என்னாகும் என்று போல்ச்சின்ஸ்கி கேட்டார். கிப் தோர்னும் அவர் மாணவர் இருவரும் கணக்கிட்டு 1991-இல் விடை வெளியிட்டனர். பந்து தன்னை இலேசாக உரசுகிறது. அவ்வுரசலாற் சற்றே திரும்பித் துளைக்குள் புகுகிறது. திரும்பிய காரணத்தாலேயே வெளிவரும்போது இலேசாக உரசுகிறது. முரணில்லை. ஆனால் இத்தகைய முரணற்ற பாதை ஒன்றுதானா? இல்லை. ஒரே விதமாக உருட்டப்பட்ட பந்துக்கு எண்ணிலடங்காத பாதைகள் அகப்பட்டன! இவற்றுள் எது நிகழும் என்பதை அக்கணக்கு சொல்லவில்லை. பந்தின் தலையில் பிரமன் எழுதியது அவற்றுள் எந்தப் பாதை? விதிவாத அன்பர்கள் கணக்குப் போட்டுக் காட்டட்டும், நாம் காத்திருக்கிறோம்.