கத்தியைக் காட்டினாலும் சிவில் பிரச்சினைதானா?



நமது தோட்டத்திலிருந்து 1977 கலவரத்தின்போது வடக்கே போன ஒரு குடும்பத்தின் மகள் இன்று யாழ்ப்பாணம் திருநெல்வேலியில் இருக்கிறார். கணவர் இல்லை, இரண்டு பிள்ளைகள். பெற்றோர் கூலி வேலை செய்து வாங்கிய ஒன்றரைப் பரப்புக் காணி, நம் கணக்கில் 15 பேர்ச். 7 பேர்ச்சா 10 பேர்ச்சா என்று வருடக்கணக்காகக் கேட்டுக்கொண்டிருக்கும் நமக்கு அது பெரிய சொத்துத்தான். பங்குக் கிணறும் அதற்குப் போகும் பாதையும் உறுதியிலேயே எழுதப்பட்டுள்ளன. போன மாதம் பக்கத்து வளவுக்காரர் கதியால்களைப் பிடுங்கி எறிந்து, பாதையை மறித்துத் தகரம் அடித்துவிட்டார். கேட்கப் போன தாயைக் கத்தியைக் காட்டி விரட்டினார்.

பொலிசுக்குப் போனார். "இது காணிப் பிரச்சினை, கோர்ட்டுக்குப் போங்க" என்றார்கள். முறைப்பாடு எழுதவில்லை. பாடசாலை விடுமுறையில் சங்கத்தின் சார்பில் நாங்கள் இருவர் போனோம். ஊர்ப் பெரியவர் ஒருவர் எங்கள் முன்னாலேயே அவருக்குப் புத்தி சொன்னார்: "பிள்ளை, கோடு கச்சேரி எண்டு திரியாதை. நீங்கள் தோட்டக்காட்டு ஆக்கள், விட்டுக்குடுத்துப் போங்கோ."

எதை விட்டுக்கொடுப்பது? தண்ணீரையா?

வேலிச் சண்டை யாழ்ப்பாணத்துக்குப் புதிதல்ல. அரை அடி தள்ளி நட்ட கதியாலுக்காகத் தலைமுறையாக வழக்காடிய குடும்பங்கள் அங்கே உண்டு. அந்த மண்ணில் கடமை செய்யும் பொலிசாருக்கு இதற்கான சட்டம் தெரியாது என்றால் நாங்கள் நம்பத் தயாரில்லை.

1979 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டம், 66 ஆம் பிரிவு. காணித் தகராறால் சமாதானம் குலையும் நிலை இருந்தால், விசாரிக்கும் பொலிஸ் அதிகாரி தாமதமின்றி நீதிமன்றத்துக்கு அறிக்கையிட வேண்டும். மனம் இருந்தால் செய்யலாம் என்பதல்ல, செய்தே ஆக வேண்டும். ஆரம்ப நீதிமன்றம் தனியாக இல்லாத இடத்தில் நீதவான் நீதிமன்றம் அதை விசாரிக்கும். பொலிஸ் செய்யாவிட்டால் பாதிக்கப்பட்டவரே சத்தியக்கடதாசியுடன் போகலாம். எல்லை, விளைச்சல், பாதை, தண்ணீர் எல்லாம் இதில் அடங்கும். கத்தியைக் காட்டியதோ தனிக் குற்றம். அதற்கு முறைப்பாடு எழுத எந்த உறுதியும் தேவையில்லை.

இது திருநெல்வேலிக் கதை என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். லயத்தில் அடுத்த காம்பராக்காரர் நம் மரக்கறிப் பாத்தியில் குசினி கட்டினால் நமக்கு என்ன பதில் கிடைக்கிறது? "துரையிடம் கடிதம் வாங்கி வா." உறுதி இல்லாதவனுக்குப் பாதுகாப்பும் இல்லையாம். இது பொய். காணியைப் பற்றிய இந்த விசாரணையில் யாருடைய பெயரில் உறுதி என்பது முதல் கேள்வி அல்ல, யார் கையில் இருந்தது என்பதே கேள்வி. உயர் நீதிமன்றத்தில் நீதியரசர் சர்வானந்தா 1982 இலேயே இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டார். பலவந்தமாக வெளியேற்றப்பட்டவர் திரும்பக் குடியமரவும் வழி உண்டு. ஆனால் வெளியேற்றப்பட்டு 2 மாதத்துக்குள் விடயம் நீதிமன்றத்துக்குப் போயிருக்க வேண்டும். துரையின் கடிதத்துக்குக் காத்திருந்தே அந்த 2 மாதத்தைத் தொலைத்தவர்களை நாங்கள் பார்த்திருக்கிறோம்.

நம் பக்கத்துத் தவறையும் சொல்லத்தான் வேண்டும். தலைவர்மார் பொறுப்பதிகாரிக்கு ஒரு போன் போட்டு "பேசிவிட்டேன்" என்கிறார்கள். போன் பேச்சுக்குப் பதிவு இல்லை. முறைப்பாட்டு இலக்கமும் திகதியும் வேண்டும். சிங்களத்தில் எழுதி நீட்டினால், வாசித்து விளங்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். தமிழில் முறைப்பாடு கொடுக்கும் உரிமை அரசியலமைப்பின் 22 ஆம் உறுப்புரையில் இருக்கிறது. சட்டத்தரணிக்குக் காசில்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்துக்குப் போங்கள், கூட வர நாங்கள் இருக்கிறோம்.

திருநெல்வேலித் தாய் சத்தியக்கடதாசி கொடுத்துவிட்டார். இதை எழுதும்போது தகரம் இன்னும் நிற்கிறது. பிள்ளைகள் நாலு வீடு தள்ளிப் போய்த் தண்ணீர் அள்ளுகிறார்கள்.