வரிசை வேண்டாம், மரம் வேண்டும்!



ஸ்டேஷனரி கடையில் சார்ட் படம் விற்பார்கள் இல்லையா, அதில் ஒன்று 'மனிதனின் பரிணாம வளர்ச்சி'. முதலில் ஒரு குரங்கு குனிந்து நிற்கும். அடுத்தது கொஞ்சம் நிமிர்ந்திருக்கும். அதற்கடுத்து கையில் ஈட்டியோடு ஒருத்தர். கடைசியில் நேராக நடக்கிற மனுசன். எல்லாரும் ரேஷன் கடை க்யூ மாதிரி ஒருத்தர் பின்னாடி ஒருத்தர். என்னைக் கேட்டால் இந்தப் படத்தை வகுப்பில் மாட்டவே கூடாது. அதற்குப் பதில் ஒரு மரம் வரைந்து மாட்ட வேண்டும்.

இந்த க்யூவைப் பார்த்துத்தான், "குரங்கு மனுசனா மாறுச்சுன்னா வண்டலூர்ல இருக்கிற குரங்கு ஏன் இன்னும் மாறலை?" என்று கேட்கிறார்கள். கேள்வி நல்ல கேள்விதான், படம்தான் தப்பு. வண்டலூர் குரங்கு நமக்குத் தாத்தா இல்லை, தூரத்துப் பங்காளி. நமக்கு ரொம்ப நெருங்கின சொந்தம் சிம்பன்சி. அதற்கும் நமக்கும் பொதுவான மூதாதை சுமார் 60, 70 லட்சம் வருஷத்துக்கு முன்னால் ஆப்பிரிக்காவில் வாழ்ந்தது. அதிலிருந்து ஒரு கிளை இந்தப் பக்கம் வந்தது, ஒரு கிளை அந்தப் பக்கம் போனது. டார்வின் 1837-லேயே தன் நோட்டில் கிளை கிளையாக ஒரு சின்ன மரம் கிறுக்கி வைத்தார். 1859-ல் வந்த அவருடைய புத்தகத்தில் மொத்தமே ஒரு படம்தான். அதுவும் கிளை விட்ட படம்தான், க்யூ இல்லை.

சரி, கிளை எப்படிப் பிரியும்? இதைப் பார்க்க எங்கேயோ இருக்கிற தீவுக்குப் போக வேண்டாம். நம்ம மலையிலேயே இருக்கு.

ஊட்டி, கொடைக்கானல் மாதிரி உயரமான இடங்களில் சோலைக்காடு என்று ஒன்று உண்டு. குட்டை மரங்கள், எப்போதும் ஈரம், குளிர். அதற்குள்ளே தரையோரமாக ஒரு நீலக் குருவி வாழ்கிறது. அதற்குச் சமவெளி வெயில் ஒத்துக்காது. ஒரு மலையிலிருந்து இறங்கி இன்னொரு மலைக்கு ஏறிப் போகவும் செய்யாது. ஆகவே ஒவ்வொரு மலை உச்சியும் அதற்கு ஒரு தீவு. கடலுக்குப் பதில் சுற்றிலும் வெயில்!

நீலகிரிக்கும் ஆனைமலைக்கும் நடுவே பாலக்காட்டுக் கணவாய் இருக்கிறது. ஏறக்குறைய 30 கி.மீ. அகலம். (நம்ம அம்பத்தூர், ஆவடி வழியாகப் போகிற ஆலப்புழை எக்ஸ்பிரஸ் அந்தப் பள்ளத்தில்தான் கேரளாவுக்குள் நுழைகிறது.) அதற்கும் தெற்கே செங்கோட்டைக் கணவாய். 2017-ல் வி.வி. ராபின், உமா ராமகிருஷ்ணன், சுஷ்மா ரெட்டி முதலிய விஞ்ஞானிகள் இந்த மலைக் குருவிகளின் மரபணுக்களை ஒப்பிட்டு ஒரு மரம் போட்டார்கள்.

மரம் போடுவது எப்படி என்றால், ஹோம்வொர்க் காப்பியைக் கண்டுபிடிக்கிற மாதிரிதான். இரண்டு நோட்டில் ஒரே இடத்தில் ஒரே எழுத்துப்பிழை இருந்தால் இரண்டும் ஒரே நோட்டைப் பார்த்து எழுதியது என்று டீச்சர் பிடித்துவிடுவார்கள். மரபணுவும் தலைமுறை தலைமுறையாகக் காப்பி ஆகிறது, சின்னச் சின்னப் பிழை விழுகிறது. ஒரே பிழைகள் அதிகம் இருந்தால் நெருங்கின சொந்தம்.

அப்படிப் பார்த்ததில் நீலக் குருவி ஒன்று இல்லை, மூன்று! நீலகிரிப் பக்கம் ஒன்று. ஆனைமலை, பழனிமலையில் ஒன்று. செங்கோட்டைக்குத் தெற்கே அகத்தியமலைப் பக்கம் ஒன்று. இந்த மூன்றாவதைத் தனி இனம் என்று 2017-ல்தான் பெயர் வைத்தார்கள். முன்பெல்லாம் உடம்பின் சாயலை வைத்து இவற்றை வேறு ஏதோ கூட்டத்தில் சேர்த்திருந்தார்கள். மரம் போட்டதும், ஈப்பிடிப்பான்கள்தான் நெருங்கின சொந்தம் என்று தெரிந்துவிட்டது. இப்போது ஆங்கிலத்திலேயே இதை 'ஷோலாகிளி' என்றுதான் எழுதுகிறார்கள். கிளி இல்லை, குருவிதான், இருந்தாலும் எனக்கு அந்தப் பெயர் பிடித்திருக்கிறது.

மரத்தில் கிளை பிரிகிற இடமும் மேப்பில் கணவாய் இருக்கிற இடமும் ஒத்துப்போகிறது. தற்செயலாக இருக்கலாமே என்று நினைப்பீர்கள். அதனால்தான் அவர்கள் சிரிப்பான் என்கிற இன்னொரு பறவையையும் பார்த்தார்கள். அதுவும் அதே இரண்டு கணவாயில் பிரிந்திருக்கிறது! வடக்கே வயநாட்டுப் பக்கம் இன்னொரு பிரிவும் சேர்த்து நான்கு இனம். நெருங்கின சொந்தமே இல்லாத இரண்டு வகைப் பறவை ஒரே இடத்தில் பிரிகிறது என்றால், பிரித்தது அந்தப் பள்ளம்தானே? பெண் கொடுத்துப் பெண் எடுக்கிற உறவு நின்றுபோன இரண்டு ஊர் மாதிரி, இந்தப் பக்கம் ஒரு விதமாகவும் அந்தப் பக்கம் ஒரு விதமாகவும் மாறிக்கொண்டே போயிருக்கின்றன. இதில் யார் முன்னேறியவர், யார் பின்தங்கியவர்? க்யூ படம் அப்படித்தான் நினைக்க வைக்கிறது. மரத்தில் எல்லாரும் கிளை நுனியில்தான் உட்கார்ந்திருக்கிறோம், பல்லி உட்பட.

நம்ம வேப்பமரத்தடியில் ஏழெட்டாக வந்து கத்துமே தவிட்டுக்குருவி, அது ஊட்டிச் சிரிப்பானோட அதே குடும்பம். ஆனால் அது ஆவடியிலும் ஒரே இனம், மதுரையிலும் அதே இனம். சமவெளியில் அதைத் தடுக்க எந்தப் பள்ளமும் இல்லை.

"கொடைக்கானல்ல போனா போகட்டும், ஊட்டியில இருக்கும்ல?" என்று சிலர் சொல்வார்கள். இருக்காது! கொடைக்கானல் குருவி வேறு, ஊட்டிக் குருவி வேறு. வெள்ளைக்காரர் காலத்திலிருந்து அந்த மலைகளில் தைலமரமும் சீகை மரமும் நட்டு, சோலையும் புல்வெளியும் குறைந்துவிட்டன. ஒரு மலையின் சோலை போனால் ஒரு கிளையே போச்சு. வயநாட்டுச் சிரிப்பான் சில மலை உச்சிகளில் மட்டும்தான் இருக்கிறது, அழியும் ஆபத்தில் இருக்கும் இனம் என்று பட்டியலில் சேர்த்துவிட்டார்கள். க்யூவில் ஒருத்தர் போனால் பின்னால் இருப்பவர் முன்னால் வருவார். மரத்தில் அப்படி யாரும் வர மாட்டார்கள்.

அறிவியல் டீச்சருக்கு ஒரு வேண்டுகோள். ஒரு சார்ட் அட்டை மட்டும் வாங்கிக் கொடுங்கள் டீச்சர். மூன்று சோலைக் குருவி, நான்கு சிரிப்பான், தவிட்டுக்குருவி, சிம்பன்சி, நாம் எல்லாரும் இருக்கிற மாதிரி ஒரு மரம் 9-ஆம் வகுப்பு மாணவிகள் நாங்களே வரைந்து தருகிறோம். ஸ்கெட்ச் பென் எங்களிடம் இருக்கிறது.

– ஒன்பதாம் வகுப்பு மாணவி