ஒரு மதிப்பெண் கேட்டு வழக்குப் போடுவது குற்றமா?

டெட் எனப்படும் ஆசிரியர் தகுதித் தேர்வின் விடைக்குறிப்பை எதிர்த்து யாராவது நீதிமன்றம் போனால் போதும். "தேறாதவங்க கேஸ் போட்டே வேலை வாங்கப் பாக்குறாங்க, இவங்களாலதான் போஸ்டிங்கே நின்னுபோகுது" என்ற பேச்சு கிளம்பிவிடும். ஆசிரியர்களே இதை நம்புவதுதான் வேதனை.

மொத்தம் 150 மதிப்பெண். பொதுப் பிரிவினருக்கு 90 வந்தால் தேர்ச்சி; 89 வந்தால் ஒன்றுமே இல்லை. அப்படி 89இல் நின்ற ஒருவரின் வழக்கு இது. வந்தே மாதரம் முதலில் எந்த மொழியில் எழுதப்பட்டது என்பது வினா. அவர் 'வங்காளம்' என்று வட்டத்தை நிரப்பியிருந்தார். 'சம்ஸ்கிருதம்' என்றது ஆசிரியர் தேர்வு வாரியத்தின் விடைக்குறிப்பு. அவர் எழுதியதே சரி, அந்த ஒரு மதிப்பெண்ணைக் கொடுங்கள் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2017 ஜூலை 25 அன்று சொன்னது. பள்ளிகளில் வந்தே மாதரம் பாட வேண்டும் என்றும் அதே தீர்ப்பில் இருந்ததால் நாடே அதைப் பற்றித்தான் விவாதித்தது. ஒரு பட்டதாரியின் வேலையைத் தடுத்து நிறுத்திய தவறான விடைக்குறிப்பைப் பற்றி யாரும் பேசவில்லை. இவரையா குறுக்கு வழி தேடியவர் என்பது?

நீதிமன்றம் அப்படியொன்றும் திறந்த வீடும் அல்ல. விடைக்குறிப்பு சரி என்றே கொள்ள வேண்டும், தவறு என்றால் ஐயத்துக்கு இடமின்றிக் காட்ட வேண்டும் என்று கான்பூர் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் 1983இலேயே வரையறுத்துவிட்டது. சந்தேகம் எழுந்தால் அதன் பலன் தேர்வு நடத்தும் அமைப்புக்கே என்று 2017 டிசம்பரில் இன்னும் இறுக்கியது. இத்தனையையும் தாண்டி ஒருவர் வெல்கிறார் என்றால் அவர் பக்கம் எவ்வளவு வலு இருந்திருக்க வேண்டும்!

நியமனம் தாமதமானதற்கும் வழக்குப் போட்டவர்கள் காரணமில்லை. 2013 டெட் தேர்வு முடிந்து, 2014 பிப்ரவரியில்தான் இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்குத் தேர்ச்சி மதிப்பெண்ணில் 5 சதவீதத் தளர்வு அறிவிக்கப்பட்டது. தளர்வு நியாயமானது, தேர்வுக்கு முன்பே அறிவித்திருக்க வேண்டியது. மே மாதம், நியமனத்துக்கு மதிப்பெண்களைக் கணக்கிடும் வெயிட்டேஜ் முறை மாறியது. தளர்வு, வெயிட்டேஜ் இரண்டையும் பற்றிய சிக்கலை உச்ச நீதிமன்றம் 2016 நவம்பரில் முடித்துவைத்தது. 2018இல், டெட் தேறினாலும் தனியாகப் போட்டித் தேர்வு எழுத வேண்டும் என்று இன்னொரு அரசாணை வந்தது. விதியை மாற்றி மாற்றி எழுதியவர்களை விட்டுவிட்டு மனுதாரரைத் திட்டுகிறோம்.

இது புதிதாக வேலை தேடுபவர்களின் பிரச்சினை மட்டுமல்ல. ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்கு மேல் இருக்கும் பணியிலுள்ள ஆசிரியர்களும் இரண்டு ஆண்டுக்குள் டெட் தேற வேண்டும் என்று 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. இருபது வருடம் பாடம் நடத்தியவரின் சம்பளமும் இனி அந்த ஒற்றை மதிப்பெண்ணில் தொங்கும். விடைக்குறிப்புக்கு ஆட்சேபம் சொல்லும் தேர்வர் பாடநூல் ஆதாரத்தை இணைக்க வேண்டும் என்கிறது வாரியம். அப்படியானால் ஆட்சேபத்தை நிராகரிக்கும்போது எந்த நூல், எந்தப் பக்கம் என்று வாரியத்தின் வல்லுநர் குழுவும் எழுதி வெளியிடட்டும். விடைக்குறிப்பு தவறு என்று நிரூபணமானால் வழக்குப் போட்டவருக்கு மட்டுமல்ல, அதே விடையை நிரப்பிவிட்டு வக்கீல் கட்டணத்துக்கு வழியில்லாமல் வீட்டில் உட்கார்ந்திருப்பவருக்கும் வாரியம் மதிப்பெண்ணைக் கூட்டித் தேர்ச்சிப் பட்டியலைத் திருத்தட்டும்.