கஞ்சிக் கலயத்துக்கு வழிகாட்டி யார்?

விழுப்புரத்திலிருந்து ரயிலிலும், திண்டிவனத்திலிருந்து பஸ்ஸிலும் நம் மக்கள் வேலை தேடிப் புதுச்சேரி போகிறார்கள். அதே ஊருக்கு ருசி தேடி வருகிறவர்களும் உண்டு. வழிகாட்டி முன்னே நடக்க, பணம் கட்டியவர்கள் பின்னே போகிறார்கள். பழைய வீதிகளில் நின்று நின்று பிரெஞ்சு ரொட்டியும் தின்கிறார்கள், இட்லியும் தின்கிறார்கள்.

இதை நாம் பழிக்கவில்லை. ஓர் ஊரை அறிய அதன் அடுப்படியை அறியத்தான் வேண்டும். ஆனால் யாருடைய அடுப்படி?

பெரிய வாய்க்காலுக்குக் கிழக்கே வெள்ளையர் நகரம், மேற்கே தமிழர் நகரம் என்று ஊரைப் பிளந்தது பிரெஞ்சு ஆட்சி. கிழக்கே மேசையில் ரொட்டி. ஆலைத் தொழிலாளியின் தூக்குச் சட்டியிலோ பழைய சோறு. அதையும் ஆற அமர உண்ண நேரமில்லை.

அந்த நேரத்துக்காக நடந்த போராட்டத்தில், 1936 ஜூலை 30 அன்று, சவானா ஆலைத் தொழிலாளர் மீது பிரெஞ்சுப் போலீஸ் சுட்டது. 12 பேர் மாண்டனர். 1937ல் எட்டு மணி நேர வேலை சட்டமாயிற்று. 1898ல் எழுந்த ரோடியர் ஆலை, பின்னாளைய ஏ.எப்.டி., 2020ல் மூடப்பட்டது.

ருசி நடை நடத்துவோரே! ஆலை வாசலுக்கும் கூட்டிச் செல்லுங்கள். வேலையிழந்த தொழிலாளியை வழிகாட்டியாக்கி, நியாயமான கூலி கொடுங்கள். கூபேர் மார்க்கெட்டில் மீன்காரம்மாவைப் படம் பிடித்தால், அவரிடம் மீனும் வாங்குங்கள்.

தோழர்களே! அடுத்த முறை புதுச்சேரி போனால், பிள்ளைகளை வாய்க்கால் ஓரம் நடத்திச் சென்று இந்தக் கதையைச் சொல்லுங்கள். அதற்குக் கட்டணம் இல்லை.