நோட்டீஸோடு நின்றுபோகும் நடவடிக்கை

எங்கள் ஊராட்சியில் காலனித் தெருவுக்குத் தனிக் குழாய் இழுக்கச் சொல்லி ஆட்சியர் அலுவலகத்திலிருந்து உத்தரவு வந்து, ஒரு கோடை கழிந்து அடுத்த கோடையும் வந்துவிட்டது. திங்கட்கிழமை மக்கள் குறைதீர் கூட்டத்தில் பெண்கள் வரிசையில் நின்று கொடுத்த மனுவுக்குக் கிடைத்த உத்தரவு அது. வட்டார வளர்ச்சி அலுவலர் (பி.டி.ஓ.) அலுவலகம் நினைவூட்டியும் தலைவர் அசையவில்லை. மேல்நிலைத் தொட்டியைக் கழுவிய தேதியைத் தூணில் எழுத வேண்டும். அங்கே பழைய பெயின்ட் உரிந்து, வருஷம்கூடப் படிக்க முடியவில்லை. உறுப்பினர்கள் கூட்டம் கூடுவதில்லை. தீர்மான நோட்டு தலைவர் வீட்டில் இருக்கிறது. கையெழுத்து வேண்டும் என்றால் மட்டும் வார்டு உறுப்பினர்களின் வாசலுக்கு வருகிறது. கிராம சபையில் வரவு செலவைக் கேட்டால், 'அடுத்த கூட்டத்தில் பார்க்கலாம்' என்கிறார்கள்.

இப்படிப்பட்டவரைப் பதவியிலிருந்து இறக்கச் சட்டம் இருக்கிறது. 1994ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 205ஆவது பிரிவு. சட்டத்தையோ, அதன்படி பிறப்பித்த உத்தரவையோ வேண்டுமென்றே மீறும் தலைவரிடம் ஆட்சியர் விளக்கம் கேட்கலாம். உறுப்பினர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் எழுதிக் கொடுத்தால்தான் என்றில்லை. ஆட்சியர் தாமாகவே தொடங்கலாம். விளக்கம் திருப்தி தராவிட்டால் தாசில்தார் ஊராட்சிக் கூட்டத்தைக் கூட்டி உறுப்பினர்களின் கருத்தைப் பதிவுசெய்து அனுப்புவார். அதைப் பரிசீலித்து, நீக்குவதா கைவிடுவதா என்று ஆட்சியர் முடிவெடுப்பார்.

நடைமுறையில் முதல் நோட்டீஸோடு பல கோப்புகள் படுத்துவிடுகின்றன. ஆட்சியர் எத்தனை நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும் என்று அந்தப் பிரிவில் கெடு இல்லை. ஆட்சியர் மாறினால் கோப்பு மறுபடி முதல் பக்கத்திலிருந்து படிக்கப்படுகிறது. அவசரத்தில் காரணம் எழுதாமல் நீக்கினாலோ உயர் நீதிமன்றத்தில் அந்த ஆணை நிற்பதில்லை. நீக்கப்பட்டவர் பழையபடி நாற்காலிக்குத் திரும்பிவிடுகிறார். இந்தத் தலைவலி வேண்டாம் என்று ஆட்சியர்கள், செக்கில் கையெழுத்துப் போடும் அதிகாரத்தை மட்டும் வாங்கி பி.டி.ஓ. கையில் கொடுத்துவிட்டு ஒதுங்கிக்கொள்கிறார்கள். பணம் தப்பிக்கிறது, குழாய் வருவதில்லை. தலைவரின் பதவிக்காலமோ ஐந்தே ஆண்டு. நாள் கடத்தத் தெரிந்தவருக்கு அது போதும்.

நீக்குவது எளிதாக இருக்கக் கூடாது என்பதையும் சொல்லியாக வேண்டும். 1997இல் மேலவளவு ஊராட்சியின் தலித் தலைவர் முருகேசன் வெட்டிக் கொல்லப்பட்ட மாநிலம் இது. பாப்பாபட்டியிலும் கீரிப்பட்டியிலும் தலித் தலைவர் ஒருவர் நாற்காலியில் நிலைத்து உட்கார 2006 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 2020இல் கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டையில் தலைவரையே தரையில் உட்காரவைத்தார்கள். அங்கெல்லாம் ஆதிக்கக்காரர்கள் கையில் 205 சிக்கினால் என்ன ஆகும்? ஆகவே நோட்டீஸ், விளக்கம், தாசில்தார் கூட்டம் எதையும் குறைக்கச் சொல்லவில்லை. அந்தப் படிகளை உரிய காலத்தில் ஏறி முடிக்கச் சொல்கிறோம்.

அரசு செய்ய வேண்டியது பெரிய காரியமல்ல. ஒவ்வொரு படிக்கும் நாள் குறித்து விதி போடட்டும்: விளக்கத்துக்கு 15 நாள், தாசில்தார் கூட்டத்துக்கு 30 நாள், அதன்பின் முடிவுக்கு 30 நாள். நீக்கினாலும் கைவிட்டாலும் காரணத்தை எழுத்தில் தந்து, ஊராட்சி அலுவலகப் பலகையில் ஒட்டட்டும். ஆட்சியர் ஊராட்சிக்குப் பிறப்பித்த உத்தரவுகளில் நிறைவேறியது எது, நிலுவையில் கிடப்பது எது என்ற பட்டியலை கிராம சபையில் பி.டி.ஓ. வாசிக்கட்டும். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 என்று வருஷத்துக்கு ஆறு நாள் ஊர் கூடுகிறது. வாசிக்க நேரமில்லை என்று யாரும் சொல்ல முடியாது.

தலைவர் கிடக்கட்டும், தண்ணீரை நிறுத்தி வைக்க யாருக்கும் உரிமையில்லை. நீக்க நடவடிக்கை நடக்கும்போதே, நிலுவையில் உள்ள குடிநீர் வேலையை பி.டி.ஓ. நேரடியாக எடுத்துச் செய்ய ஆட்சியர் ஆணையிட வேண்டும். எங்கள் காலனித் தெருவில் இன்றைக்கும் விடியற்காலை 4 மணிக்குக் குடங்கள் வரிசையில் வைக்கப்படுகின்றன. ஒரு வீட்டுக்கு நாலு குடம் என்று பெண்களே கணக்குப் போட்டுப் பிடிக்கிறார்கள். மாவட்ட ஆட்சியர் இந்த வாரமே எங்கள் தலைவர் மீதான கோப்பை வரவழைத்து, அவருக்கு அனுப்பிய நோட்டீஸுக்குப் பதில் வந்ததா, வராவிட்டால் அடுத்த படி எப்போது என்று மனுக் கொடுத்த பெண்களுக்கு எழுத்தில் சொல்ல வேண்டும்.