ஆவணப்படத்தில் பழகிய கை

ஆவணப்படங்களில் சில காலம் உழன்றபின் கதைப்படத்திற்கு வந்து சேரும் எடிட்டரைக் கீழ்வகுப்பில் தேறி மேல்வகுப்புக்கு வந்த மாணாக்கனைப்போல நோக்கும் மனோபாவம் நம் தொழிலில் இன்னும் அகன்றபாடில்லை. அவ்வபிப்பிராயம் உடையவர்கள், அமெரிக்கப் படத்தொகுப்பாளர் தெல்மா ஷூன்மேக்கரின் தொழில் வரலாற்றைச் சற்று நிதானமாக ஆராய்வது நலம்.

1969 ஆகஸ்டில் நடந்த உட்ஸ்டாக் இசைவிழாவைப் பல கேமராக்கள் பதிவு செய்து குவித்த சுமார் 120 மணி நேரச் சுருள்களிலிருந்து, கதையோ வசனமோ முன்கூட்டி எழுதப்படாத நிலையில், மூன்று மணி நேரப் படமொன்றை வடித்தெடுத்த குழுவில் பிரதானமானவர் அவர். இயக்குநர் மார்ட்டின் ஸ்கார்செஸியும் அக்குழுவில் இருந்தார். பாடகரையும் ஜனத்திரளையும் ஒருங்கே காட்டும் பொருட்டுத் திரையையே இரண்டாகவும் மூன்றாகவும் பகுத்த அத்தொகுப்புக்கு ஆஸ்கார் பரிந்துரையும் கிடைத்தது. ஆயினும், அவர் தொழிற்சங்க உறுப்பினரல்லர் என்பதாலும், உறுப்பினராவதற்கு வருஷக் கணக்கில் கீழ்நிலையில் பணிபுரிந்திருக்க வேண்டுமென்ற விதி குறுக்கே நின்றதாலும், ஹாலிவுட் கதைப்படங்களின் வாயில் ஏறக்குறைய பத்தாண்டுகள் அவருக்கு அடைபட்டே கிடந்தது. சங்கங்களின் அவசியத்தை நாம் மறுப்பவர்களல்லர். ஆனால் ஆஸ்கார் பரிந்துரை பெற்றவரைப் பயிற்சிக்கு உட்காரச் சொல்லும் நியாயம் விசித்திரமானதுதான்.

1980இல் ஸ்கார்செஸியின் ‘ரேஜிங் புல்’ வெளிவந்து ஷூன்மேக்கருக்கு முதல் ஆஸ்காரைத் தேடித் தந்தபோது, பலரும் குத்துச்சண்டைக் காட்சிகளையே சிலாகித்தனர். அவையோ இயக்குநர் முன்பே நுணுக்கமாகத் திட்டமிட்டு வைத்தவை என்பதை ஷூன்மேக்கரே சொல்லியிருக்கிறார். எடிட்டரின் சாமர்த்தியத்தை அளக்க விரும்புவோர், டி நீரோவும் ஜோ பெஸ்கியும் வீட்டுக்குள் தர்க்கிக்கும் காட்சிகளைப் பார்க்கட்டும். நடிகர்கள் அவ்விடத்திலேயே சொற்களைப் புனைந்து பேசுகையில், டேக்குக்கு டேக் வாக்கியம் மாறும். ஒன்றில் எழுந்த கேள்விக்கு மற்றொன்றின் பதில் பொருந்தாது. ஸ்கிரிப்டைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வெட்டவும் வழியிராது. ரஷஸைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்து, அங்கே மெய்யாக என்ன நிகழ்ந்திருக்கிறது என்று கண்டறிந்த பிறகே கத்தரியைக் கையில் எடுக்க முடியும். ஆவணப்பட எடிட்டருக்கு இது நித்திய கருமமன்றோ?

பிற்பாடு ‘தி ஏவியேட்டர்’, ‘தி டிபார்ட்டட்’ ஆகியவற்றுக்கும் ஆஸ்கார் பெற்ற அவர், இடையே 1999இல், இத்தாலியத் திரைப்படங்களைப் பற்றி ஸ்கார்செஸி எடுத்த நான்கு மணி நேர ஆவணப்படத்தையும் தொகுத்தார் என்பது கவனிக்கத்தக்கது.

உதவியாளரைத் தேர்ந்தெடுக்கும் நம் எடிட்டர்கள், வந்தவர் எந்தப் பெரிய படத்தில் வேலை பார்த்தார் என்று விசாரிப்பதோடு நில்லாமல், வசனப் பிரதியில்லாத ரஷஸ் சிலவற்றை அவரிடம் கொடுத்து, அவர் எதை வைக்கிறார், எதைத் தள்ளுகிறார் என்றும் பார்ப்பார்களாக.