கோட்டை செய்யாததைக் கோர்ட்டு செய்தது

1954-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு நாடக நிகழ்ச்சிகள் சட்டத்தின் முக்கியப் பிரிவுகள் செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2013-இல் தீர்ப்பளித்தது. வழக்குப் போட்டவர் நாடகக்காரர் 'பரீக்‌ஷா' ஞாநி. அரசமைப்புச் சட்டம் தரும் பேச்சுரிமைக்கு இந்தப் பிரிவுகள் ஒத்துவரவில்லை என்பது தீர்ப்பின் சாரம். இந்த இதழ் அதை முழுமனதாக வரவேற்கிறது. மேல்முறையீடு, புதுச் சட்டம் என்று அரசு கிளம்பக் கூடாது என்பதையும் முதலிலேயே சொல்லிவிடுகிறோம்.

ஊர்த் திருவிழாக்களில் விடிய விடிய ஆடும் ஸ்பெஷல் நாடகக்காரருக்கு இதில் என்ன லாபம் என்று நம்மவர்களே கேட்கிறார்கள். இந்தச் சட்டப்படி ஸ்கிரிப்ட் கொடுத்து அனுமதி வாங்குவது சென்னை சபாக்காரர்கள் பாடு. நமக்கு ஏது ஸ்கிரிப்ட்? ராஜபார்ட் ஓர் ஊர், ஸ்திரீபார்ட் ஓர் ஊர், பபூன் இன்னோர் ஊர். மேக்கப் போடுகிற இடத்தில்தான் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்கிறோம். கேள்வி நியாயமானதுதான். ஆனால் சட்டப் புத்தகத்தில் ஒரு பிரிவு இருந்தால் அது என்றைக்காவது ஸ்டேஷன் வாசலுக்கு வந்து சேராமல் இருக்காது.

மம்சாபுரம் பக்கத்து ஊர் ஒன்றில் பொங்கலுக்கு வள்ளி திருமணம் வைத்தார்கள். 'கதை வசனம் முழுக்க எழுதிக் கொண்டுவா' என்றது ஒரு காவல் நிலையம். நாடக அமைப்பாளர் என்ன செய்வார்? ராஜபாளையத்தில் சங்கரதாஸ் சுவாமிகளின் அச்சுப் புத்தகத்தை வாங்கி, உள்பக்கத்தில் ஊர்ப் பெரியவரிடம் கையெழுத்துப் போட வைத்து நீட்டினார். ரைட்டர் அதில் சீல் குத்தி ஃபைலில் சேர்த்துக்கொண்டார். அன்று ராத்திரி வள்ளியும் நாரதரும் விடிய விடியச் செய்த தர்க்கத்தில் அந்தப் புத்தகத்தின் நாலு வரி வந்திருந்தால் அதிகம். இனி அந்த சீலுக்கும் புத்தகத்துக்கும் வேலை இல்லை. நமக்குக் கிடைத்த லாபம் இது.

கிடைக்காதவற்றையும் சொல்ல வேண்டும். தீர்ப்பு வந்தபோது, ஆபாசப் பேச்சு, பாட்டுக்கான இந்தியத் தண்டனைச் சட்டம் 294-ஆம் பிரிவு அப்படியே இருந்தது. பபூன்–டான்ஸ் காமிக்கில் எல்லை தாண்டுகிறவர்களை இந்தத் தீர்ப்பு காப்பாற்றாது. 2000-ஆம் ஆண்டு ஒலி மாசு விதிகளும் இருக்கின்றன. ராத்திரி பத்து முதல் காலை ஆறு வரை மைக் கூடாது. திருவிழாவுக்கென்று மாநில அரசு மனம் வைத்தால் வருடத்துக்கு 15 நாள் வரை, அதுவும் நள்ளிரவு 12 மணி வரைதான் தளர்வு. 2005-இல் உச்ச நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. நம் நாடகம் தொடங்குவதே பத்து மணிக்கு. பன்னிரண்டுக்கு நிறுத்தினால் பபூன் இறங்கியிருப்பார். முருகன் வேஷம் கட்டியவர் மேடைக்கே வந்திருக்க மாட்டார். இதுபற்றிப் பல இதழ்களில் எழுதிவிட்டோம், இனியும் எழுதுவோம்.

இம்முறை கேட்க வேண்டிய கேள்வி வேறு. இந்தச் சட்டத்தை எடுக்க ஏன் ஒரு நாடகக்காரர் கோர்ட்டு வாசலில் நிற்க வேண்டியிருந்தது?

1876-இல் வெள்ளைக்காரன் கொண்டுவந்த நாடகச் சட்டத்தின் வாரிசுதான் 1954 சட்டம். எம்.ஆர். ராதாவின் இராமாயண நாடகத்தை மடக்கத்தான் அது வந்தது என்பது நாடறிந்த கதை. அப்போது முதலமைச்சர் நம் விருதுநகர்ப் பெருந்தலைவர். அவரிடம் நமக்கு எவ்வளவு மரியாதை இருந்தாலும், அவர் ஆட்சிக்கு அழகு சேர்த்த சட்டம் இதுவல்ல. போகட்டும், அவர் மேடை ஏறி வேஷம் கட்டியவர் அல்லர். பின்னால் வந்தவர்கள்?

எஸ்.எஸ். ராஜேந்திரனை எடுத்துக்கொள்வோம். உசிலம்பட்டிப் பக்கம் சேடபட்டிக்காரர். சிறுவனாகப் பாய்ஸ் கம்பெனியில் சேர்ந்து, டி.கே.எஸ். சகோதரர்களிடம் தேர்ந்து, 'பராசக்தி'யில் ஞானசேகரனாக வந்தவர். படத்தில் பேர் வாங்கிய பிறகும் மேடையை விடவில்லை. எஸ்.எஸ்.ஆர். நாடக மன்றம் நடத்தினார்; மனோரமா அதில்தான் 'மணிமகுடம்' நடித்தார். கொள்கைக்காகப் புராணப் பாத்திரம் வேண்டாம் என்று ஒதுக்கியதால் 'இலட்சிய நடிகர்' ஆனார். 1962-இல் அண்ணாவே காஞ்சிபுரத்தில் தோற்றபோது, இவர் தேனியில் தி.மு.க.வுக்காக ஜெயித்துச் சட்டமன்றம் போனார். கே.பி. சுந்தராம்பாள் மேலவையில் இருந்தது நியமனத்தால்; மக்களிடம் ஓட்டு வாங்கிச் சபைக்குள் போன முதல் நடிகர் எஸ்.எஸ்.ஆர். பிறகு 1970 முதல் 1976 வரை மாநிலங்களவை. 1980-இல் அ.தி.மு.க. சார்பில் ஆண்டிபட்டி, அப்போது முதலமைச்சர் நாற்காலியில் இருந்தவர் மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் வளர்ந்த எம்.ஜி.ஆர்.

எதிர்க்கட்சி வரிசையிலும் ஆளுங்கட்சி வரிசையிலும் உட்கார்ந்து பார்த்த இந்த வாழ்க்கை நமக்குப் பெருமை. ஆனாலும் 1954 சட்டம் அப்படியே இருந்தது. அந்தப் பெரியவரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்ற நமக்கு மனமும் இல்லை, உரிமையும் இல்லை. தனி உறுப்பினர் ஒருவரால் எவ்வளவு முடியும் என்பதும் தெரியும். கேள்வி அவரோடு நிற்பதில்லை என்பதால்தான் கேட்கிறோம். 1967 முதல் கோட்டையில் உட்கார்ந்தவர்கள் யார்? அண்ணா நாடகம் எழுதினார், காகபட்டராக நடித்தார். கலைஞர் நாடகம் எழுதினார், நடித்தார். எம்.ஜி.ஆர். 1977-இல் நம் பக்கத்து அருப்புக்கோட்டையில் ஜெயித்துத்தான் முதலமைச்சர் ஆனார். தீர்ப்பு வந்தபோது முதலமைச்சராக இருந்தவரும் ஒய்.ஜி. பார்த்தசாரதி குழுவில் மேடை ஏறியவர். இடையில் ஆளுநர் ஆட்சி வந்த காலத்தைக் கழித்தாலும், நாடகத்தால் வளர்ந்தவர்கள் கையில் இந்த மாநிலம் நாற்பது ஆண்டுக்கு மேல் இருந்திருக்கிறது. சட்டத்தை ரத்துசெய்ய ஒரு பக்க மசோதா போதும். கைதூக்கப் பெரும்பான்மையும் இருந்தது. ஒருவருக்கும் தோன்றவில்லை.

இங்கிலாந்தில் 1737 முதல் நாடகத்துக்கு முன்தணிக்கை இருந்தது. 1968-இல் அந்த ஊர் நாடாளுமன்றமே அதை எடுத்துப் போட்டுவிட்டது. இங்கே தி.மு.க. ஆட்சிக்கு வந்த மறு வருடம் அது. வெள்ளைக்காரன் தன் ஊரில் கைவிட்டதை நாம் 45 வருடம் கட்டி அழுதிருக்கிறோம். காரணம் ரகசியமல்ல. எதிர்க்கட்சியில் இருக்கும்போது மேடை ஆயுதம். ஆளவந்த பிறகு அதே மேடை ஆபத்து. கைவசம் ஒரு சட்டம் இருந்தால் நல்லதுதானே!

சிவகாசி விஸ்வநாத தாஸ் தேசப் பாட்டுப் பாடியதற்காகத் திரும்பத் திரும்பச் சிறைக்குப் போய், கடைசியில் 1940-இல் முருகன் வேஷத்தோடு மேடையிலேயே உயிர் விட்டார். அவருக்கு விழா எடுக்கிறோம். அவர் வழியில் ராத்திரி முழுக்கத் தொண்டை கிழியப் பாடுகிறவரை 'ஆடல் பாடல்' கணக்கில் சேர்த்து, விண்ணப்பத்தைக் கையில் வைத்துக்கொண்டு மூன்று மேசைக்கு அலைய விடுகிறோம். மாலையும் பொன்னாடையும் போட்டது போதும்.

அரசிடம் நாம் கேட்பது மூன்று. செத்த பிரிவுகளைச் சுமந்துகொண்டு நிற்கும் 1954 சட்டத்தைச் சட்டமன்றமே முழுதாக ரத்துசெய்ய வேண்டும். ஸ்பெஷல் நாடகத்துக்கு ஸ்கிரிப்ட் கேட்கக் கூடாது, அதை ஆடல் பாடலோடு சேர்க்கக் கூடாது என்று எல்லாக் காவல் நிலையங்களுக்கும் சுற்றறிக்கை போக வேண்டும். 15 நாள் தளர்வைக் கிராமத் திருவிழா நாடகங்களுக்குக் கிடைக்கும்படி ஒதுக்கி, விடியும்வரை நடத்த வழிசெய்யும்படி மத்திய அரசையும் கேட்க வேண்டும்.

ஸ்ரீவில்லிபுத்தூர் பெரிய மாரியம்மன் பூக்குழியோடு நம் பக்கம் சீசன் சூடு பிடித்துவிடும். தேதி கொடுத்திருக்கும் கலைஞர்களும் அமைப்பாளர்களும் தீர்ப்பின் நகல் ஒன்றைக் கையில் வைத்திருங்கள். அச்சுப் புத்தகத்தை நீட்டித் தப்பிக்கும் பழக்கத்தை இத்தோடு விடுங்கள். யாராவது ஸ்கிரிப்ட் கேட்டால், கேட்பதை எழுத்தில் தரச் சொல்லுங்கள். தந்தால் அந்தத் தாளை இந்த இதழுக்கு அனுப்புங்கள். அடுத்த வழக்குக்கு அது வேண்டியிருக்கும்.